சாப்ளின் பெட்டியை எரிக் கம்பெல்லுக்காக வாங்குங்கள்

போன மாசியில் சிவராத்திரிக்குத் திருகோணமலைக் கோணேசரைக் கும்பிட வேண்டும் என்று ரொறன்ரோவில் இருந்து பெரியண்ணா குடும்பத்தோடு வந்திருந்தார். வந்த அன்றிரவே சூட்கேசின் அடியில் உடுப்புகளுக்கு நடுவே சுற்றி வைத்திருந்த ஒரு தகரப் பெட்டியை எடுத்து என் கையில் தந்து, "சின்னனில வீடியோ டெக்கில பார்த்துச் சிரிச்சியே, இப்ப வடிவாப் பார்" என்றார். 1916, 1917 இரண்டு வருடங்களில் சார்லி சாப்ளின் மியூச்சுவல் என்ற படக் கம்பனிக்காக எடுத்த 12 பேசாத குறும்படங்களும் உள்ள பெட்டி அது. 2014இல் வெளிவந்தது. உள்ளே 2 புளூரே, 3 டிவிடி, ஒரு சின்னப் புத்தகம். இரண்டு வகை டிஸ்க்கிலும் அதே படங்கள்தான், ஆகவே புளூரே பிளேயர் இல்லாத வீட்டிலும் பார்க்கலாம். எங்கள் வீட்டில் இருப்பது பழைய டிவிடி பிளேயர், அதில் ஒரு கரைச்சலும் இல்லாமல் ஓடியது.

மூன்று கிழமையாக இரவு இரவாக இதைத்தான் பார்த்தோம். சிலவற்றை மூன்று நாலு தரம். பார்த்து முடித்த பிறகு நான் சொல்ல வருவது ஒரு விஷயம்தான்: சாப்ளினுக்காக இந்தப் பெட்டியை வாங்க நினைப்பவர்கள் தாராளமாக வாங்குங்கள், ஆனால் பார்க்கும்போது கண்ணை அவருக்கு எதிரே நிற்கும் மலை மாதிரி மனிதன் மேல் வையுங்கள். அவர் பெயர் எரிக் கம்பெல். முப்பது வருடமாக அந்த முகத்தை எனக்குத் தெரியும், பெயரை இந்தப் பெட்டி வந்த பிறகுதான் தெரிந்துகொண்டேன், அது எனக்கு உண்மையிலேயே மனவருத்தமாக இருக்கிறது.

சின்ன வயதில் நாங்கள் பார்த்தது எப்படி என்று சொன்னால்தான் விளங்கும். ஒழுங்கையில் நாலு வீடு காசு சேர்த்து டெக்கும் டிவியும் வாடகைக்கு எடுப்பார்கள், விடிய விடிய மூன்று படம் ஓடும், நடுவில் பெரியவர்கள் பிளேன்ரீ குடிக்க எழும்பும் நேரத்தில் பிள்ளைகளுக்காக ஒரு சாப்ளின் காசற் போடுவார்கள். பல தரம் பிரதி எடுத்த காசற். ஆட்கள் ஓடும் வேகத்தில் முகமே பிடிபடாது, வானம் வெள்ளை, சுவர் வெள்ளை, முகமும் வெள்ளை. அதிலும் அந்தப் பெரிய மனுசன் வந்தால் நாங்கள் எல்லோரும் ஒன்றாகக் கத்துவோம், ஏனென்றால் இனி அடி விழப்போகிறது என்று தெரியும். அவரை நாங்கள் "தடியன்" என்றுதான் கூப்பிட்டோம்.

இந்த முறை விறாந்தைச் சுவரில் வெள்ளை விரிப்பு ஒன்றைக் கட்டி, பக்கத்து வீட்டுத் தம்பியின் புரொஜெக்டரைக் கேட்டு வாங்கி, அவித்த கச்சானோடு அம்மா, மனைவி, மகள், அண்ணாவின் பிள்ளைகள், ஒழுங்கைப் பிள்ளைகள் என்று பத்துப் பதினைந்து பேர் இருந்து பார்த்தோம். இரண்டாவது படத்திலேயே அம்மா கேட்டார், "ஆர் மகன் உந்தப் பெரிய மனுசன்? முதல் படத்திலயும் உவர்தானே?" அவ்வளவு நேரமும் பிள்ளைகள் அதைக் கவனிக்கவே இல்லை. தாடி வேறு, மீசை வேறு, உடுப்பு வேறு. ஆனால் அம்மாவின் கண்ணுக்குத் தப்பவில்லை. பெட்டிக்குள் இருந்த புத்தகத்தை எடுத்துப் பெயரை வாசித்துக் காட்டினேன். அதற்குப் பிறகு ஒவ்வொரு படம் தொடங்கும்போதும் "எரிக் எங்க, எரிக் எங்க" என்று பிள்ளைகள் தேடத் தொடங்கிவிட்டார்கள்.

கம்பெல் இங்கிலாந்து மேடையில் வளர்ந்த நடிகர். பிரெட் கார்னோ என்பவர் நடத்திய நகைச்சுவை நாடகக் குழு அந்தக் காலத்தில் மிகவும் பெயர் பெற்றது, சாப்ளினும் அதில் இருந்துதான் வந்தவர். பேச்சைக் குறைத்து உடம்பால் கதை சொல்வது, விழுவது, உதை வாங்குவது, அதை ஒவ்வொரு இரவும் ஒரே கணக்கில் பிசகாமல் செய்வது, இதெல்லாம் அங்கே கிடைத்த பயிற்சி. பிறகு அமெரிக்கா போய் நியூயோர்க் மேடையில் நடித்துக்கொண்டிருந்தார். 1916இல் சாப்ளின் மியூச்சுவல் கம்பனியோடு ஒப்பந்தம் எழுத நியூயோர்க் வந்தார். கிழமைக்கு 10,000 டொலர், மேலதிகமாக 150,000 டொலர், எல்லாம் சேர்த்து வருடத்துக்கு 670,000 டொலர். அப்போது அவருக்கு 26 வயது. அந்தப் பயணத்தில் அவர் கம்பெல்லைக் கண்டு கலிபோர்னியாவுக்குக் கூட்டிக்கொண்டு போனார். சாப்ளின் ஐந்தரை அடி கூட இல்லாத சின்ன உருவம். கம்பெல் ஆறரை அடிக்குக் கிட்ட, உடம்பும் அதற்கேற்ற பாரம். இருவரும் ஒரு வாசலில் எதிரும் புதிருமாக நின்றாலே கதை தொடங்கிவிடும்.

12 படங்களில் 11இல் கம்பெல் இருக்கிறார். முதல் படம் 'தி ஃப்ளோர்வோக்கர்' 1916 மே மாதம், கடைசிப் படம் 'தி அட்வென்ச்சரர்' 1917 ஒக்டோபர். அவ்வளவுதான். அந்த டிசம்பரிலேயே அவர் இறந்துவிட்டார். அதாவது உலகம் அவரை ஞாபகம் வைத்திருப்பதற்கான காரணம் முழுக்க இந்தத் தகரப் பெட்டிக்குள் அடங்கிவிடுகிறது. ஒரு நடிகரின் வாழ்க்கை வேலையை இப்படி ஒரே கையில் தூக்கிப் பார்க்க வேறு எந்தப் பெட்டியிலும் எனக்குக் கிடைத்ததில்லை.

'ஈசி ஸ்ட்ரீட்' என்ற படத்தில் இருந்து தொடங்குகிறேன், ஏனென்றால் புதிதாகப் பார்ப்பவர்கள் அதைத்தான் முதலில் போட வேண்டும். ஒரு ஏழைத் தெரு, அதை ஆளும் சண்டியன் கம்பெல். பொலிசாரை அடித்து விரட்டிவிடுகிறான். அந்தத் தெருவுக்குப் புதுப் பொலிஸ்காரனாகச் சாப்ளின் அனுப்பப்படுகிறார். பின்னால் சண்டியன் நிழல் மாதிரித் தொடர்கிறான், இவர் எட்டு வைத்தால் அவனும் எட்டு வைக்கிறான். பொல்லால் தலையில் அடித்துப் பார்க்கிறார், அவனுக்கு ஒன்றும் இல்லை. இன்னும் அடி என்று தலையைக் குனிந்து காட்டுகிறான். பிறகு தன் பலத்தைக் காட்ட, வாயுவில் எரியும் தெருவிளக்கின் கம்பத்தைப் பிடித்து வளைக்கிறான். அந்த ஒரு நொடியில் சாப்ளின் அவன் முதுகில் பாய்ந்து விளக்குக் கூட்டை அவன் தலையில் கவிழ்த்து வாயுவைத் திறந்துவிட்டு, நாடி பிடித்துப் பார்த்து, போதாது என்று இன்னும் கொஞ்சம் திறக்கிறார். எங்கள் விறாந்தையில் பிள்ளைகள் கதிரையில் இருந்து விழுந்து சிரித்தார்கள். இந்தக் காட்சியை எடுக்கும்போது அந்த விளக்கு சாப்ளினின் மூக்கில் விழுந்து காயப்படுத்தி, படப்பிடிப்பே தடைப்பட்டது.

ஆனால் கம்பெல் அந்தக் காட்சியில் என்ன செய்கிறார் என்று இரண்டாம் தரம் பார்க்கும்போதுதான் தெரியும். அவர் சிரிப்புக் காட்ட முயற்சியே செய்யவில்லை. அடி விழும்போது வலிக்காதது மாதிரி நடிப்பது சுலபம், வலியே தெரியாத மனிதனாக நிற்பது கஷ்டம். அவர் கண் இமை கூட அசையவில்லை. அந்தப் பயம் உண்மையாக இருப்பதால்தான் பிறகு வரும் சிரிப்பு அவ்வளவு பெரிதாக வருகிறது. புருவத்தை இரண்டு பக்கமும் நெற்றி வரை தூக்கி எழுதி, கண்ணுக்குக் கீழே மை தீட்டி, உதட்டை இறுக்கிக்கொண்டு நிற்கும் அந்த முகத்தைப் பார்த்ததும் அண்ணாவின் சின்ன மகன், "இது கோயிலில நிக்கிற இராவணன்" என்றான். அன்று காலைதான் அவனைக் கோணேசர் கோயில் இருக்கும் சுவாமி மலைக்குக் கூட்டிக்கொண்டு போய், இராவணன் வெட்டு என்ற பாறைப் பிளவைக் காட்டியிருந்தோம். பிள்ளை சரியாகத்தான் சொன்னான். கூத்தில் இராவணனாக வருபவர் எப்படிக் கடைசி வரிசையில் பாயில் இருப்பவனுக்கும் தெரியும்படி முகத்தை எழுதிக்கொண்டு, வரவுத் தாளத்துக்கு ஏற்றபடி அடி எடுத்து வைப்பாரோ, அதே கணக்கு கம்பெல்லிடம் இருக்கிறது. அவர் நடப்பதை மட்டும் பாருங்கள். ஒவ்வொரு படத்திலும் நடை வேறு.

நடை என்றதும் 'தி ரிங்க்' ஞாபகம் வருகிறது. சில்லுச் சப்பாத்து போட்டுச் சறுக்கும் மண்டபம். இவ்வளவு பாரமான மனிதன் சில்லின் மேல் நின்று சாப்ளினைத் துரத்த வேண்டும், விழ வேண்டும், எழும்பி மறுபடி விழ வேண்டும், அதுவும் சாப்ளின் சுழன்று வரும் அந்த நொடியில் சரியான இடத்தில் நிற்க வேண்டும். ஒரு அடி பிந்தினாலும் இருவருக்கும் எலும்பு முறியும். சாப்ளினின் சறுக்கலைப் பற்றி எல்லோரும் எழுதுகிறார்கள், எழுதட்டும், அது அழகுதான். ஆனால் அவரைச் சுற்றி விழுந்துகொண்டே இருப்பவரின் கணக்கைப் பற்றியும் ஒரு வரி எழுத வேண்டாமா? இதே படத்தில் கம்பெல்லின் மனைவியாக வருபவர் ஹென்றி பேர்க்மன் என்ற ஆண் நடிகர். கூத்தில் ஆண்கள் பெண் வேடம் கட்டி ஆடிப் பார்த்த அம்மாவுக்கு அதில் ஒரு புதினமும் இல்லை, பார்த்தவுடன் கண்டுபிடித்துவிட்டார்.

'தி கியூர்' எங்கள் ஊர்க்காரர்களுக்கு இன்னும் கொஞ்சம் கூடப் பிடிக்கும் என்று நினைக்கிறேன். நோய் தீர்க்கும் ஊற்றுத் தண்ணீர் உள்ள ஒரு ஆரோக்கிய விடுதி, அதற்குச் சாப்ளின் பெட்டி நிறையச் சாராயப் போத்தல்களோடு வருகிறார். கடைசியில் அந்தப் போத்தல்கள் எல்லாம் ஊற்றுக்குள் போய், ஊற்றுத் தண்ணீர் குடிக்க வந்த நோயாளிகள் எல்லோருக்கும் வெறி ஏறிவிடுகிறது. கன்னியா வெந்நீர் ஊற்றின் ஏழு கிணற்றிலும் வாளி வாளியாக அள்ளி ஊற்றிக் குளித்து வளர்ந்த பிள்ளைகள் அதைப் பார்த்துச் சிரித்த சிரிப்பு ஒழுங்கை முனை வரை கேட்டிருக்கும். கம்பெல் இதில் வாதத்தால் காலில் பெரிய கட்டுப் போட்ட பணக்கார நோயாளி. சுழலும் கதவுக்குள் அந்தக் கால் அகப்படும் காட்சியில் அவர் முகத்தைக் கவனியுங்கள். வலி வருவதற்கு ஒரு கணம் முன்னமே, இனி வலிக்கப்போகிறது என்று அந்த முகத்துக்குத் தெரிந்துவிடுகிறது. அந்த ஒரு கணத்துக்காக நான் டிஸ்க்கைத் திருப்பித் திருப்பிப் போட்டேன்.

இப்போது 'தி இமிகிரன்ட்'. இந்தப் பெட்டியில் எனக்கு மிக நெருக்கமான படம் இதுதான், எங்கள் வீட்டில் அந்த இரவு வேறு மாதிரி இருந்தது. முதல் பாதி கப்பல். ஐரோப்பாவில் இருந்து அமெரிக்கா போகும் ஏழைகள், ஆட்டத்தில் சாப்பாட்டுக் கோப்பைகள் மேசையின் இந்தப் பக்கத்துக்கும் அந்தப் பக்கத்துக்கும் வழுக்கிக்கொண்டு திரிகின்றன. சுதந்திரச் சிலை தெரிகிறது, எல்லோரும் நிமிர்ந்து பார்க்கிறார்கள், உடனே அதிகாரிகள் வந்து ஒரு கயிற்றைப் பிடித்து அவர்களை ஆடுமாடு மாதிரித் தடுத்து நிறுத்துகிறார்கள். பெரியண்ணா அதுவரை சிரித்துக்கொண்டிருந்தவர் பேசாமல் இருந்துவிட்டார். அவர் போன கதை எங்களுக்குத் தெரியும், அதை இங்கே எழுதப்போவதில்லை. இரண்டாவது பாதி சாப்பாட்டுக் கடை. தலைமைப் பரிசாரகன் கம்பெல். ஒரு வாடிக்கையாளனைப் பரிசாரகர்கள் எல்லோரும் சேர்ந்து அடித்து வெளியே எறிகிறார்கள். அவன் என்ன செய்தான் என்று சாப்ளின் கேட்கிறார். பதில் எழுத்து அட்டையில் வருகிறது, மகள் சத்தமாகத் தமிழில் சொன்னாள்: "பத்துச் சதம் குறைஞ்சு போச்சாம்." அப்போது சாப்ளினின் கை காற்சட்டைப் பைக்குள் போகிறது. பை ஓட்டை. காசு இல்லை.

அங்கிருந்து பத்து நிமிடம் கம்பெல் அந்த மேசையைச் சுற்றி நடப்பதுதான் படம். தொப்பியைக் கழற்று என்று ஒரு பார்வை. பில்லைக் கொண்டுவந்து வைத்துவிட்டு ஒரு பார்வை. கீழே விழுந்து கிடந்து எடுத்த காசைக் கொடுத்தால் பல்லில் வைத்துக் கடிக்கிறார், காசு வளைந்துவிடுகிறது, கள்ளக்காசு. காசில்லாமல் கடையில் இருந்தவனுக்கு வரும் வியர்வை எங்கள் எல்லோருக்கும் வந்தது. பெரிய சண்டை இல்லை, துரத்தல் இல்லை, ஒரு மனிதன் இன்னொரு மனிதனைப் பார்க்கிறான், அவ்வளவுதான். கெவின் பிரவுன்லோவும் டேவிட் கில்லும் சாப்ளினைப் பற்றி 1983இல் செய்த ஒரு தொலைக்காட்சித் தொடரில் இந்தப் படத்தின் கழித்துவிட்ட துண்டுகளைக் காட்டினார்கள். முதலில் அந்தப் பரிசாரகன் வேடத்தில் ஹென்றி பேர்க்மன்தான் நடித்தார். அவரைப் பார்த்தால் பயம் வரவில்லை. சாப்ளின் அதை நிறுத்திவிட்டுக் கம்பெல்லைப் போட்டு மறுபடியும் எடுத்தார், பேர்க்மனுக்கு அதே கடையில் சாப்பிட வரும் ஓவியர் வேடம் போனது. ஒரே காட்சி, ஒரே கடை, ஒரே காசு, ஆள் மாறியதும் காட்சி உயிர் பெற்றது. துணை நடிகர் என்றால் யாரைப் போட்டாலும் சரிவரும் என்று நினைப்பவர்களுக்கு இதைத்தான் நான் சொல்வேன்.

இன்னொரு சான்றும் இந்தப் பெட்டிக்குள்ளேயே இருக்கிறது. 'வன் ஏ.எம்.' என்ற படத்தில் கம்பெல் இல்லை. தொடக்கத்தில் வரும் ஒரு வாடகைக் கார்க்காரரைத் தவிரப் படம் முழுக்கச் சாப்ளின் தனியாள். வெறியில் வீட்டுக்கு வந்தவர் மாடிப்படியோடும் கட்டிலோடும் மல்லுக்கட்டுகிறார். திறமை என்று பார்த்தால் அது ஒரு அதிசயம், மறுக்க மாட்டேன். ஆனால் பத்து நிமிடத்தில் பிள்ளைகள் கச்சான் கோதைக் கிள்ளத் தொடங்கிவிட்டார்கள். கட்டிலுக்கு மனம் இல்லை. கோபம் வராது, அவமானம் வராது, பழிவாங்கும் எண்ணம் வராது. எதிரே ஒரு கம்பெல் இருந்தால்தான் சாப்ளினின் தந்திரத்துக்கு வேலை.

மற்றப் படங்களைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 'பிஹைன்ட் த ஸ்கிரீன்' படத்தில் இருவருக்கும் பெயரே தாவீது, கோலியாத்துதான், பைபிளில் வரும் சின்னப் பையனும் அவன் வென்ற இராட்சதனும். வேலை எல்லாம் சின்னவன் செய்ய, பெரியவன் சுகமாக இருந்துகொண்டு பெயர் வாங்குகிறான், சாப்பாட்டு நேரத்தில் அவன் பை என்ற பலகாரத்தை ஒன்றன்பின் ஒன்றாக விழுங்குவதைப் பார்க்க வேண்டும். 'தி கவுன்ட்' நல்லது. 'தி ஃபயர்மன்' எனக்கு அவ்வளவு ஒட்டவில்லை, உதைதான் அதிகம். 'தி வகபொண்ட்' படத்தில் கம்பெல் ஒரு நாடோடிக் கூட்டத் தலைவன், பெண்ணைச் சாட்டையால் அடிக்கும் கொடியவன், அதில் சிரிப்பே வராது, சின்னப் பிள்ளைகளோடு பார்ப்பவர்கள் அதைத் தெரிந்துகொண்டு போடுங்கள். 'தி போன்ஷொப்' சாப்ளின் ஒரு மணிக்கூட்டைக் கழற்றிப் பார்க்கும் காட்சிக்காக வாழும் படம், கம்பெல்லுக்குக் கடைசியில் கள்ளனாகக் கொஞ்ச நேரம்தான். 'தி அட்வென்ச்சரர்' படத்தில் தப்பி வந்த கைதியான சாப்ளின், பத்திரிகையில் வந்த தன் படத்துக்குப் பேனாவால் தாடி வரைந்து அதைக் கம்பெல்லின் படமாக்கிவிடும் இடம் இருக்கிறது, அந்தப் பெரிய தாடியை அதற்காகவே வளர்த்தது மாதிரி இருக்கும்.

பெட்டியில் படங்களுக்கு மேலதிகமாக இரண்டு ஆவணப்படங்களும் இருக்கின்றன. அதில் ஒன்று கம்பெல்லைப் பற்றியது, 1996இல் கெவின் மெக்டொனால்ட் எடுத்தது. இதைப் படங்கள் எல்லாம் பார்த்து முடித்த பிறகு பாருங்கள், முதலில் பார்த்தால் மனம் கனத்துப்போகும். கம்பெல் தன்னை ஸ்கொட்லாந்தின் டனூன் ஊர்க்காரன் என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தார், ஆவணப்படமும் அந்த வழியில்தான் போகிறது. பிற்காலத்தில் தேடியவர்கள் அவர் பிறந்தது இங்கிலாந்தில் செஷயர் பகுதியின் சேல் என்ற ஊரில் என்று கண்டுபிடித்தார்கள். பழைய படம் என்பதால் அந்தத் திருத்தம் அதில் இல்லை, பார்ப்பவர்கள் ஞாபகத்தில் வைத்துக்கொள்ள வேண்டும்.

அவருடைய கடைசி ஆறு மாதத்தைப் பற்றி அறிந்த பிறகு எனக்கு 'தி அட்வென்ச்சரர்' படத்தைப் பழைய மாதிரிப் பார்க்க முடியவில்லை. 'தி இமிகிரன்ட்' வெளிவந்தது 1917 ஜூனில். ஜூலையில் அவருடைய மனைவி மாரடைப்பில் இறந்துபோனார். கொஞ்ச நாளில் மகள் தெருவில் காரில் அடிபட்டுப் படுகாயப்பட்டாள். செப்டம்பரில், அறிமுகமாகிச் சில நாளே ஆன ஒரு பெண்ணை மணந்தார், இரண்டு மாதம் போவதற்குள் அவள் விவாகரத்துக் கேட்டு வழக்குப் போட்டாள். ஒக்டோபரில் படம் தியேட்டருக்கு வந்து உலகம் சிரித்தது. டிசம்பர் 20, லொஸ் ஏஞ்சல்ஸில் ஒரு விருந்து முடிந்து வெறியில் கார் ஓட்டிப் போகும்போது மோதி அந்த இடத்திலேயே இறந்தார். வயது 37. அதற்குப் பிறகுதான் என்னால் தாங்க முடியாத பகுதி வருகிறது. அவருடைய சாம்பலைப் பொறுப்பெடுக்க யாரும் வரவில்லை. 1952 வரை, 35 வருடம், அது அடக்கம் செய்யப்படாமலே இருந்தது. அம்மா இதைக் கேட்டுவிட்டு, "முப்பத்தைஞ்சு வருசம் ஒரு கிரியையும் இல்லாமலோ" என்று மட்டும் கேட்டார். அடுத்த நாள் கோயிலுக்குப் போனபோது அவர் பெயரையும் நினைத்து ஒரு விளக்கு ஏற்றியதாகச் சொன்னார். நான் பதில் ஒன்றும் சொல்லவில்லை.

சரி, பெட்டியின் தரத்துக்கு வருவோம். படங்களைப் பல நாட்டுக் காப்பகங்களில் இருந்து பிரதிகள் சேர்த்துப் பாரிஸிலும் இத்தாலியின் பொலொஞ்ஞாவிலும் துப்புரவாக்கியிருக்கிறார்கள். எங்கள் பழைய காசற்றோடு ஒப்பிடவே முடியாது. கம்பெல்லின் கண்ணுக்கு மேல் எழுதிய புருவக் கோடு தெரிகிறது, சட்டைத் துணியின் நெசவு தெரிகிறது, பின்னால் நிற்பவர் சிரிப்பை அடக்குவது கூடத் தெரிகிறது. ஓடும் வேகமும் மனிதர் நடக்கும் வேகத்துக்குக் கிட்ட வந்திருக்கிறது, அதனால்தான் நடிப்பு நடிப்பாகத் தெரிகிறது. எல்லா இடமும் ஒரே சீராக இல்லை. ஒரு காட்சி கண்ணாடி மாதிரி இருக்கும், அடுத்த துண்டு மழை பெய்வது மாதிரிக் கோடு விழுந்து வரும். நூறு வருடத்துக்கு மேற்பட்ட சுருள், கிடைத்ததை வைத்து ஒட்டியிருக்கிறார்கள், எனக்கு அது குறையாகப் படவில்லை. இசையை மெனுவில் மாற்றிக் கேட்கலாம். நாங்கள் பெரும்பாலும் வாத்தியக் குழு இசையை வைத்தோம், தனிப் பியானோ இருந்த இடத்தில் அதுதான் எனக்குப் பிடித்தது, அடிக்கும் உதைக்கும் இடையில் மூச்சுவிட இடம் தருகிறது.

குறை என்றால் இரண்டு சொல்வேன். எழுத்து அட்டைகள் ஆங்கிலத்தில் மட்டும், தமிழ் இல்லை. யாராவது ஒருவர் வாசித்துச் சொல்ல வேண்டும். அட்டைகள் மிகக் குறைவு என்பதால் சமாளிக்கலாம், பிள்ளைகளுக்கு அது ஒரு விளையாட்டாகவும் போய்விட்டது. மற்றது புத்தகத்தின் எழுத்து. மிகவும் சின்னன், அம்மாவால் வாசிக்க முடியவில்லை, எனக்கே லாம்புக்குக் கீழே பிடித்துத்தான் வாசிக்க வேண்டியிருந்தது. அதோடு தகரப் பெட்டியின் மூலை பயணத்தில் கொஞ்சம் நசுங்கிவிட்டது, யாராவது வெளிநாட்டில் இருந்து கொண்டுவந்தால் கைப்பையில் வைக்கச் சொல்லுங்கள்.

கம்பெல்லோடு நின்ற மற்றவர்களையும் கவனியுங்கள். மணிக்கூட்டைக் கொண்டுவந்து அடகு வைக்க நிற்கும் ஒல்லி மனிதர் அல்பேர்ட் ஒஸ்டின், அவர் முகம் ஒரு இம்மி அசையாது, அதுவும் ஒரு கலைதான். 'தி ஃப்ளோர்வோக்கர்' படத்தில் சாப்ளின் மாதிரியே இருக்கும் உதவி முகாமையாளர் லொயிட் பேக்கன், பிற்காலத்தில் ஹொலிவூட்டில் பெரிய இயக்குநர் ஆனவர். கம்பெல்லுக்கு அந்தப் பிற்காலம் கிடைக்கவில்லை. சாப்ளின் அடுத்த கம்பனிக்குப் போனார், பெரிய படங்கள் எடுத்தார், பின்னால் மேக் ஸ்வெயின் போன்ற நல்ல பெரிய உருவ நடிகர்கள் வந்தார்கள், 1925இல் தங்கம் தேடும் படத்தில் ஸ்வெயின் செய்தது எனக்கும் பிடிக்கும். ஆனால் கம்பெல்லிடம் இருந்த அந்தப் பயம், வாசலை அடைத்துக்கொண்டு நிற்கும்போது வெளிச்சமே குறைவது மாதிரி இருக்குமே, அது மறுபடி வரவில்லை என்பது என் எண்ணம்.

விலையை அண்ணா கேட்டும் சொல்லவில்லை, ஆகவே காசுக்கு ஏற்ற பொருளா என்று என்னால் கணக்காகச் சொல்ல முடியாது. இந்தப் படங்களின் மங்கலான பிரதிகள் இணையத்தில் சும்மா கிடைக்கின்றன என்பது உண்மை. ஒன்றிரண்டை அதில் பார்த்துப் பிடித்திருந்தால், வெளிநாட்டில் இருக்கும் சொந்தம் அடுத்த முறை என்ன கொண்டுவர என்று கேட்கும்போது சொக்லேட்டுக்குப் பதிலாக இதைச் சொல்லுங்கள். உவர்மலைப் பக்கம் இருப்பவர்கள் பார்க்க விரும்பினால் டிவிடி மூன்றையும் நான் இரவல் தருவேன். 'ஈசி ஸ்ட்ரீட்' முதலில், பிறகு 'தி கியூர்', மூன்றாவதாக 'தி இமிகிரன்ட்', ஆவணப்படம் கடைசியில். புளூரே இரண்டும் வீட்டிலேயே இருக்கும். பிளேயர் வாங்கக் காசு சேர்க்கிறேன், அம்மா எரிக்கின் முகத்தை இன்னும் தெளிவாகப் பார்க்க வேண்டும் என்கிறார்.